இல்லாத சுவரில் முட்டிக்கொள்வது எப்படி?

என்னிடம் கேட்டது மூன்று கேள்விகள். பேசாமல் உடம்பாலேயே நடித்துக் காட்டும் மைம் கலைஞர் இல்லாத சுவரை எப்படிக் காட்டுகிறார்? ஊமைப்படக் காலத்துக் கோமாளிகள் நூறு வருஷம் கழித்தும் எப்படிச் சிரிக்க வைக்கிறார்கள்? வயது முப்பதைத் தாண்டியவர், உடம்பு வளையாதவர், இதைக் கற்றுக்கொள்ள முடியுமா? மூன்றையும் கலந்தேதான் சொல்லப்போகிறேன். முதல் கேள்விக்குப் பதில் புரிந்துவிட்டால் மற்ற இரண்டும் பாதி முடிந்த மாதிரி.

கையை நீட்டுங்கள். விரல்கள் தளர்ந்து லேசாக மடங்கியிருக்கட்டும், சும்மா நடந்துபோகும்போது கை தொங்குமே, அப்படி. இப்போது ஏதோ ஓர் இடத்தில் உள்ளங்கை சட்டென்று விரிந்து, தட்டையாகி, நிற்க வேண்டும். அந்தச் ‘சட்டென்று’தான் சுவர். தளர்ந்த கை விறைக்கும் நொடியில் பார்ப்பவர் மனசில் செங்கல் அடுக்கி முடிந்துவிடும். பிரெஞ்சு மைம் மரபில் இந்தச் சிறு அதிர்வுக்கு ‘டாக்’ என்று பெயர். கதவைத் தட்டினால் வரும் ஓசைதான், வேறொன்றுமில்லை. புதிதாக வருகிறவர்கள் முதலிலேயே கையை விரித்து வைத்துக்கொண்டு காற்றைத் தடவுவார்கள். அது சுவராகத் தெரியாது. யாரோ ஜன்னல் துடைக்கிற மாதிரி இருக்கும்.

அடுத்த படிதான் கஷ்டம். வைத்த கை வைத்த இடத்திலேயே இருக்க, உடம்பு மட்டும் நகர வேண்டும். நம் உடம்புக்குப் பழக்கம் நேர் எதிர்: ஓரடி வைத்தால் கையும் கூடவே வந்துவிடும். ஆனால் சுவர் கூட வராதே! ஆகவே நீங்கள் இடப்பக்கம் சாயும்போது முழங்கையும் தோளும் அந்த நகர்வை விழுங்கிக்கொள்ள வேண்டும். உள்ளங்கை காற்றில் ஆணி அடித்த மாதிரி நிற்க வேண்டும். இதை நிலைப்புள்ளி என்போம். மாயச் சுவர், மாடிப்படிக் கைப்பிடி, பேருந்துக் கம்பி, மேசை விளிம்பு எல்லாமே இந்த ஒன்றின் பிள்ளைகள். உண்மையான பெட்டியை வைத்துக்கொண்டு செய்கிற பழைய வித்தை ஒன்று உண்டு. பெட்டியோடு நடந்து வருகிறவர் திடீரென்று நின்றுவிடுவார், பெட்டி அந்தரத்தில் மாட்டிக்கொண்டது. இழுப்பார், தள்ளுவார், அதன் மேலேயே சாய்ந்து இளைப்பாறுவார். பெட்டி ஒரு நூல்கூட அசையாது. உள்ளே ஒன்றும் இல்லாத அட்டைப்பெட்டிதான். அசையாமல் இருப்பது அவருடைய மணிக்கட்டு.

எடையைக் காட்டுவதும் இதே கணக்கு. பெட்டி கனமென்று சொல்ல முகத்தைச் சுளிக்க வேண்டியதில்லை. தூக்குவதற்கு முன் முழங்கால் கொஞ்சம் இறங்க வேண்டும், மூச்சு நிற்க வேண்டும், தூக்கியபின் உடம்பு எதிர்ப்பக்கம் சாய வேண்டும். கயிறு இழுப்பதில் கைக்கு வேலையே இல்லை என்றால் பலர் நம்பமாட்டார்கள். இரண்டு கைக்கும் நடுவே உள்ள தூரம் மாறவே கூடாது, மாறினால் கயிறு ரப்பராகிவிடும். இழுப்பது இடுப்பும் பின்னங்காலும். கை வெறுமனே பிடித்திருக்கிறது, அவ்வளவுதான். பொருளை யாரும் பார்ப்பதில்லை. பொருள் நம் உடம்பை என்ன செய்கிறது என்பதைத்தான் பார்க்கிறார்கள்.

பயிற்சிக்கு வருகிறவர்களுக்கு ஆரம்பத்தில் நான் கொடுப்பது மேசைமேல் இருக்கும் தண்ணீர் டம்ளரை எடுத்துக் குடித்துவிட்டுத் திரும்ப வைக்கிற வேலை. எளிதென்றுதான் நினைப்பார்கள். எடுக்கும்போது டம்ளர் கைக்கு அடங்கின அளவில் இருக்கும். வாய்க்கு வருவதற்குள் விரல்கள் நெருங்கி அது பென்சில் ஆகிவிடும். நிறைந்திருந்த டம்ளரும் காலியான டம்ளரும் ஒரே கனத்தில் போய்வரும். வைக்கும்போது கை மேசைப் பலகைக்குள் இரண்டு அங்குலம் இறங்கிவிடும். எல்லாவற்றையும் சரியாகச் செய்தவர்களும் கடைசியில் கோட்டை விடுவார்கள்: விரலைத் திறக்காமலேயே கையை எடுத்துவிடுவார்கள். டம்ளர் இன்னும் கையிலேயே இருக்கிறது! விரல் திறக்க வேண்டும், ஒரு கணம் நிற்க வேண்டும், பிறகுதான் கை விலக வேண்டும்.

இதில் நான் பெரிய யோக்கியன் ஒன்றும் இல்லை. முதல்முறை மேடையேறியபோது, மணிக்கணக்கில் பழகிய மாயக் கதவைத் திறந்துகொண்டு உள்ளே போனேன். ஐந்து நிமிஷம் கழித்து, பதற்றத்தில், கதவு இருந்த இடத்தை மறந்து சுவர் வழியாகவே வெளியே வந்துவிட்டேன். முன்வரிசையில் உட்கார்ந்திருந்த ஒரு குட்டிப் பெண் “மாமா, கதவு அந்தப் பக்கம்!” என்று கத்தினாள். அரங்கமே சிரித்தது. அன்றைக்கு எனக்குக் கிடைத்த ஒரே சிரிப்பு அதுதான். என் கதவை என்னைவிட அவள் நன்றாக ஞாபகம் வைத்திருந்தாள்.

இன்னொரு தவறு, விளையாட்டிலிருந்து வருவது. படப் பெயரைச் சைகையில் காட்டிக் கண்டுபிடிக்கச் சொல்வோமே, டம்ப் சாரட்ஸ், அதுதான் மைம் என்று பலர் நினைக்கிறார்கள். அது சொல்லைக் கைக்கு மாற்றுவது. ‘கல்யாணம்’ என்று சொல்ல விரலில் மோதிரம் போடுவது, ‘காதல்’ என்று சொல்ல நெஞ்சில் கைவைப்பது. பார்ப்பவர் மூளைக்குள் அதைத் திரும்பச் சொல்லாக மாற்றிக்கொண்டிருப்பார், அவ்வளவு வேலை செய்கிறவருக்குச் சிரிப்பு வராது. மைமில் மொழிபெயர்ப்பே கிடையாது. பயந்தவன் ‘நான் பயந்திருக்கிறேன்’ என்று காட்டுவதில்லை. கதவை இரண்டாம் முறையும் தாழ்ப்பாள் போட்டிருக்கிறதா என்று பார்த்துவிட்டு வருகிறான்.

முகமா, உடம்பா என்ற சண்டை இந்தக் கலைக்குள் இருநூறு வருஷமாக ஓடுகிறது. பாரிஸில் ஃபூனாம்பூல் என்றொரு சின்ன அரங்கு. அந்தக் காலத்து உரிமச் சட்டங்கள் அத்தகைய அரங்குகளில் வசனம் பேச விடவில்லை. வாய்க்குப் பூட்டுப் போட்டதால் உடம்பு பேசத் தொடங்கியது. அங்கே ழான் காஸ்பார் தெபுரோ (1796–1846) பியரோ என்ற கோமாளியை வெள்ளை முகமும் கறுப்புக் குல்லாயும் தொளதொள உடுப்புமாக நிறுத்தினார். மங்கலான விளக்கொளியில் கடைசி வரிசைக்கும் முகம் தெரிய வெள்ளைச் சாயம் உதவியது. 1836இல் தெருவில் தன்னை வம்புக்கிழுத்த இளைஞன் ஒருவனைத் தெபுரோ கைத்தடியால் அடிக்க, அவன் இறந்துபோனான். வழக்கு நடந்து தெபுரோ விடுதலையானார். மேடையில் வாயே திறக்காத மனிதரின் குரல் எப்படி இருக்கும் என்று கேட்கவே நீதிமன்றத்தில் கூட்டம் கூடியதாகச் சொல்வார்கள்.

அடுத்த நூற்றாண்டில் எத்தியேன் தெக்ரூ (1898–1991) வந்து இதைத் தலைகீழாகப் புரட்டினார். முகத்தைத் துணியால் மூடு, கையை அடக்கு, நடு உடம்பு என்ன செய்கிறது என்று பார்ப்போம் என்றார். முகமும் கையும் பொய் சொல்லப் பழகியவை. நடு உடம்புக்கு அந்தச் சாமர்த்தியம் போதாது என்பது அவருடைய வாதத்தின் சாரம். அவரும் நடிகர் ழான் லூயி பாரோவும் சேர்ந்து உருவாக்கியதுதான் நின்ற இடத்திலேயே நடக்கும் நடை. ஒரு கால் எடையைத் தாங்க, மற்றது தரையோடு பின்னால் வழுக்கும். 1983இல் மைக்கேல் ஜாக்சன் தொலைக்காட்சியில் ‘மூன்வாக்’ ஆடியபோது உலகம் வாயைப் பிளந்தது. அதற்குள் இருக்கும் எடை மாற்றும் தந்திரமும் இதன் நெருங்கிய உறவுதான்: குதிகால் தூக்கிய கால் எடையைத் தாங்குகிறது, தட்டையாக இருக்கும் கால் வழுக்குகிறது. கண் தட்டையான காலைத்தான் நம்புகிறது, ஏமாறுகிறது.

தெக்ரூவின் மாணவர் மார்சல் மார்சோ (1923–2007). மைம் என்றதும் எல்லார் மனசிலும் வருகிற கோடுபோட்ட பனியன், நசுங்கிய தொப்பியில் ஒற்றைச் சிவப்புப் பூ, இவையெல்லாம் 1947இல் அவர் படைத்த ‘பிப்’ பாத்திரத்தின் உடுப்பு. அதற்குமுன் போர்க்காலத்தில் அவர் பிரெஞ்சு எதிர்ப்பியக்கத்தில் இருந்தார், யூதக் குழந்தைகளை ஸ்விட்சர்லாந்து எல்லைக்குக் கடத்திக் காப்பாற்றுவதில் பங்கெடுத்தார். அவருடைய அப்பா ஆஷ்விட்ஸில் கொல்லப்பட்டார். பிப்பின் சிரிப்புக்குள் ஒரு நிழல் எப்போதும் இருப்பதற்கு நான் இதைத்தான் காரணமாக நினைத்துக்கொள்கிறேன்.

மார்சோவின் ‘முகமூடி செய்பவன்’ என்ற சிறு படைப்பைத் தேடிப் பாருங்கள். ஒருவன் முகமூடிகளை மாற்றி மாற்றி மாட்டிப் பார்க்கிறான். கையை முகத்துக்குக் குறுக்கே கொண்டுபோவான், சிரிப்பு. மறுபடி கொண்டுபோவான், அழுகை. சிரிப்பு, அழுகை, சிரிப்பு, வேகமாக. திடீரென்று சிரிக்கும் முகமூடி கழற்ற வரவில்லை. இழுக்கிறான், பிய்க்கிறான். முகம் காதுவரை சிரித்துக்கொண்டே இருக்கிறது, தோள் பதறுகிறது, முழங்கால் துவள்கிறது, நெஞ்சு விம்முகிறது. முகம் ஒன்று சொல்ல, உடம்பு வேறொன்று சொல்ல, அரங்கில் ஒருவர்கூட முகத்தை நம்பமாட்டார். தெக்ரூ சொல்ல வந்ததை அவருடைய மாணவர் சில நிமிஷத்தில் நிரூபித்துவிட்டுப் போனார்.

நம் தொல்காப்பியர் இதற்கு வைத்த பெயரிலேயே விஷயம் இருக்கிறது. உள்ளத்து உணர்ச்சி மெய்யில் புலப்படுவதால் அது மெய்ப்பாடு. எட்டு மெய்ப்பாடுகளில் அவர் முதலில் வைப்பது நகை. அந்த நகை எங்கிருந்து பிறக்கும் என்பதற்கு நான்கு இடம் சொல்கிறார்: எள்ளல், இளமை, பேதைமை, மடன். மற்றவரைக் கிண்டல் செய்வது, பிள்ளைத்தனம், விவரமில்லாமை, மடத்தனம். மடன் என்பதற்குக் கொண்டதை விடாமை என்று பழைய உரைகளில் ஒரு விளக்கம் உண்டு. பேசிச் சிரிக்கவைப்பவர்களுக்கு முதலாவதான எள்ளல் போதும், நாக்கு இருக்கிறது. வாய் திறக்காத கோமாளிக்குப் பின் மூன்றும்தான் சோறு. கொண்டதை விடாமை இருக்கிறதே, அது தங்கச் சுரங்கம்.

மிஸ்டர் பீனை எடுத்துக்கொள்ளுங்கள். ரோவன் அட்கின்சன் 1990 முதல் 1995 வரை நடித்த அந்தத் தொடரில் மொத்தம் 15 அத்தியாயங்கள்தான், உலகம் முழுக்க ஓடியது. முதல் அத்தியாயத்தில் கடற்கரையில் நீச்சல் உடைக்கு மாற வேண்டும், பக்கத்தில் ஓர் ஆள் உட்கார்ந்திருக்கிறார். மறைவிடம் தேடலாம், துண்டு கட்டிக்கொள்ளலாம். பீன் அதையெல்லாம் யோசிப்பதே இல்லை. பேண்டைக் கழற்றாமலேயே மேலே நீச்சல் உடையைப் போட்டு, பிறகு உள்ளிருந்து பேண்டை உருவி எடுப்பது என்று முடிவுசெய்துவிட்டார். முடிவுசெய்தபின் விடமாட்டார். நெளிகிறார், கோணுகிறார், ஒருவழியாக வென்றுவிடுகிறார். அப்புறம்தான் அந்த ஆள் எழுந்து போகிறார்: கண் தெரியாதவர். இதில் பீன் முட்டாள் அல்ல. ஒரு பொறியாளனின் பொறுமையோடு தவறான பிரச்சினையைத் தீர்த்துக்கொண்டிருக்கிறார். அட்கின்சன் மின்பொறியியல் முதுகலை படித்தவர் என்பதை இந்த இடத்தில் சொல்லாமல் விட மனசு வரவில்லை.

சரி, விழுவதற்கு வருவோம். வாழைப்பழத் தோலில் ஒருவர் வழுக்கி விழுந்தால் சிரிப்பு வருமென்று எல்லோரும் சொல்வார்கள். விழுவதில் சிரிப்பு குறைவு. விழாமல் இருக்க அந்த ஆள் படுகிற பாட்டில்தான் சிரிப்பு, பிறகு ஒன்றுமே நடக்காதது போல் எழுந்து சட்டையைத் தட்டிவிட்டுக்கொள்கிறாரே, அதில். மானத்தைக் காப்பாற்றும் முயற்சிதான் நகைச்சுவை. அதனால்தான் கோமாளிக்கு நல்ல உடுப்பு வேண்டும். சாப்ளினின் நாடோடி கந்தல்தான் போட்டிருக்கிறான், ஆனால் தொப்பி, கைத்தடி, டை எல்லாம் உண்டு. கனவான் ஆக முயற்சி செய்யாதவன் கீழே விழுந்தால் அது வெறும் விபத்து.

அடுத்து, நான் மாணவர்கள் காது புளிக்கச் சொல்வது: பார், யோசி, பிறகு செய். ஒரு கோமாளி தரையில் பர்ஸைப் பார்க்கிறார். நேரே குனிந்து எடுத்தால் ஒன்றுமில்லை. பார்க்கிறார், கடந்து போகிறார், நிற்கிறார், அப்போதுதான் மண்டைக்குள் விளக்கெரிகிறது, திரும்புகிறார். அந்த நிற்கும் கணத்தில் அவர் மூளை ஓடுவது நமக்குத் தெரிகிறது. சிரிப்பு அங்கேதான் வெடிக்கும். தலை திரும்பிய பிறகு உடம்பு திரும்ப வேண்டும். இரண்டும் ஒன்றாகத் திரும்பினால் பொம்மை. உடம்பு முதலில் திரும்பித் தலை பின்னால் வந்தால் அது பேய்ப்படம்.

ஊமைப்பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டன் (1895–1966) இந்த யோசனையை முகத்தில் ஒரு தசைகூட அசையாமல் காட்டுவார். 1928இல் வந்த படத்தில் புயல் அடிக்கிறது, ஒரு வீட்டின் முன்சுவர் முழுசாகப் பெயர்ந்து அவர் மேல் விழுகிறது. மாடி ஜன்னல் திறந்திருந்ததால் அந்த ஓட்டைக்குள் நின்று தப்பிக்கிறார். ஏமாற்றுப் படப்பிடிப்பு அல்ல, நிஜமான கனமுள்ள சுவர். உடம்பைச் சுற்றிச் சில அங்குலம் இடைவெளி, அவ்வளவுதான். நின்ற இடத்திலிருந்து ஓரடி விலகியிருந்தால் கதை முடிந்திருக்கும். எல்லோரும் அந்தத் துணிச்சலைப் பேசுவார்கள். எனக்குப் பிடித்தது சுவர் விழுவதற்கு முந்தைய சில நொடிகள். அவர் அண்ணாந்து பார்க்கவே இல்லை. வேறெங்கோ பார்த்துக்கொண்டு நிற்கிறார். பார்த்திருந்தால் அது சாகசம். பார்க்காததால் அது நகை.

மௌனத்தில் கதை சொல்வது எவ்வளவு கணக்கு வேலை என்பதற்குச் சாப்ளின்தான் சாட்சி. ‘சிட்டி லைட்ஸ்’ படப்பிடிப்பு 1928 கடைசியில் தொடங்கியது, படம் 1931 ஜனவரியில் வெளியானது. அதற்குள் பேசும் படங்கள் ஊரை ஆளத் தொடங்கிவிட்டன. அந்தப் படத்தில் ஒரு சிக்கல்: பார்வையற்ற பூக்காரி இந்தப் பரதேசியைப் பணக்காரன் என்று நினைக்க வேண்டும். எப்படி? அவனைப் பார்க்க முடியாதவளுக்கு, வசனம் இல்லாத படத்தில், அந்தத் தவறான எண்ணத்தை எப்படி ஏற்றுவது? எத்தனையோ முறை எடுத்து, நிறுத்தி, மறுபடி எடுத்துக் கடைசியில் கிடைத்த விடை ஒரு கார்க் கதவு. போலீஸ்காரனைத் தவிர்க்க நாடோடி நெரிசலில் நிற்கும் சொகுசுக் காருக்குள் ஒரு பக்கம் ஏறி மறுபக்கம் இறங்குகிறான், கதவைச் சாத்துகிறான். அந்த ஓசையை அவள் தலை திரும்புவதில்தான் நாம் ‘கேட்கிறோம்’. பிறகு பூ தவறி விழுகிறது. அவன் எடுத்துவிட்டான், அவளோ இன்னும் தரையைத் துழாவிக்கொண்டிருக்கிறாள். அவனுக்குப் புரிகிறது. கார்க்காரர் திரும்பி வந்து, கதவைச் சாத்திக்கொண்டு போய்விட, பாக்கிச் சில்லறை வாங்காமலே கனவான் போய்விட்டார் என்று அவள் நினைக்கிறாள். அவன் மூச்சுவிடாமல் அங்கேயே நிற்கிறான். இதில் எந்த இடத்திலாவது ஒரு வரி வசனம் சேர்க்க முடியுமா என்று யோசித்துப் பாருங்கள்.

பழைய படங்களில் எல்லோரும் வேகவேகமாக ஓடுவதைப் பார்த்து அதுதான் ஊமைப்பட நகைச்சுவை என்று நினைப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. அப்போது கேமராவைக் கையால் சுழற்றினார்கள், வினாடிக்குப் பதினாறு, இருபது பிரேம் என்று ஆளுக்கு ஆள் மாறும். அதையே பின்னாளில் 24 பிரேமில் ஓட்டினால் ஆள் ஓடத்தான் செய்வார். வேண்டுமென்றே மெதுவாகச் சுழற்றி வேகம் கூட்டியதும் உண்டு. மேடையில் அந்த வேகத்தை நகல் எடுக்காதீர்கள்.

அடி வாங்குவதில் ஒரு தொழில் ரகசியம்: அடிப்பவர் கையில் எதுவும் இல்லை, வாங்குபவரே எல்லாவற்றையும் ஓட்டுகிறார். கன்னத்தில் அறை விழும்போது ‘பளார்’ ஓசை அறை வாங்குபவர் நெஞ்சருகே மறைவாகத் தன் கைகளைத் தட்டுவதில் வருகிறது. முடியைப் பிடித்து இழுப்பவர் வெறுமனே கையை வைத்திருப்பார், இழுபடுபவர்தான் அந்தக் கையைத் தன் தலையோடு அழுத்திக்கொண்டு ஓடுவார். அடி, உதை, விழுதலை வைத்துச் சிரிக்கவைக்கும் ‘ஸ்லாப்ஸ்டிக்’ என்ற சொல்லே இப்படி ஓர் ஏமாற்றிலிருந்து வந்தது. இத்தாலிய நாடோடிக் கோமாளிகள் வைத்திருந்த, இரண்டு பட்டைப் பலகைகளைச் சேர்த்த தடி; மெல்லத் தட்டினாலே பெரிய சத்தம் போடும், வலிக்காது. ஆனாலும் விபத்து யாரையும் விட்டதில்லை. இன்னொரு ஊமைப்படக் கோமாளி ஹெரால்டு லாயிட் 1919இல் போலி வெடிகுண்டென்று நினைத்துப் பிடித்தது நிஜமாகவே வெடித்து, வலக்கைப் பெருவிரலும் ஆள்காட்டி விரலும் போயின. 1923இல் அவர் கட்டடத்துக் கடிகார முள்ளில் தொங்கும் புகழ்பெற்ற காட்சியை அந்தக் கையோடுதான், கையுறைக்குள் மறைத்துக்கொண்டு, நடித்தார். கீட்டனுக்கு 1924 படப்பிடிப்பில் தண்ணீர் விசையில் விழுந்து கழுத்தெலும்பு முறிந்தது. அது முறிவு என்று பல வருஷம் கழித்து எடுத்த எக்ஸ்ரேயில்தான் தெரிந்தது. வீட்டில் தனியாக விழுந்து பழகாதீர்கள் என்பதற்காகவே இதைச் சொல்கிறேன்.

கற்றுக்கொள்ள முடியுமா என்றால், தாராளமாக. ழாக் லெகோக் 1956இல் பாரிஸில் தொடங்கிய நடிப்புப் பள்ளியில் உணர்ச்சியே இல்லாத ‘நடுநிலை முகமூடி’யை மாட்டிவிட்டு நடக்க, நிற்க, திரும்பச் சொல்வார்கள். அவரே விளையாட்டும் உடற்பயிற்சியும் சொல்லிக்கொடுத்தவர், வில்லாக வளைபவர்களை மட்டும் தேடியதில்லை. உங்கள் விறைத்த முதுகும் ஒரு பாத்திரம்தான், பீனுக்கு அது போதுமானதாக இருந்தது. முகமூடி கிடைக்காவிட்டால் ஒரு மெல்லிய துணியை முகத்தில் கட்டிக்கொண்டு, பேருந்துக்குக் காத்திருப்பதை மூன்று நிமிஷம் செய்து பாருங்கள். கண்ணாடி முன் வேண்டாம், கண்ணாடி இருந்தால் முகத்தைத்தான் ரசிப்பீர்கள். கைபேசியில் பதிவு செய்து, பார்க்காத ஒருவரிடம் காட்டி, நீங்கள் எதற்குக் காத்திருக்கிறீர்கள் என்று கேளுங்கள். என் மாணவர் ஒருவரின் மனைவி பார்த்துவிட்டு, “இவர் பஸ்ஸுக்கு நிற்கலை, யாருக்கோ பயந்து ஒளிஞ்சு நிற்கிறார்” என்றார். தன் தோளைத் தூக்கி வைத்திருந்ததே அந்த மாணவருக்கு அன்றுதான் தெரிந்தது. தோளை இறக்க நாலு வாரம் ஆயிற்று. அதற்கப்புறம்தான் டம்ளர் கையில் கொடுத்தேன்.